புல்லில் இரண்டு மூச்சு

காலை ஆறு மணிக்கு முகாமில் இருந்த ஒன்பது பேரும் காதோரத்தைத் தடவிக்கொண்டு வரிசையில் நின்றார்கள். காதுக்குப் பின்னால் தோலுக்கடியில் இருக்கும் துயில்வில்லைதான் நகரத்தில் எல்லோரையும் பத்து மணிக்குத் தூங்கவைத்து ஐந்துக்கு எழுப்பும். இந்த மலைப் புல்வெளியில் அது யாரையும் தூங்கவைக்காமல் வெறுமனே வேடிக்கை பார்க்கும். வில்லை பழுதானாலும் சமாளிக்க வேண்டுமே என்று, பல உயிர்களைச் சுமக்கிற வேலையில் இருப்பவர்கள் மூன்று இரவுகளில் ஒன்றிலாவது சொந்தமாகத் தூங்கிக் காட்டினால்தான் உரிமம்.

ஸ்டெல்லா தொங்குரயில் ஓட்டுநர். இரண்டு இரவுகள் பொட்டுத் தூக்கமில்லை. மூன்றாம் இரவு கூடாரத்துக்குள் மூச்சு முட்டவே, பாயை வெளியே இழுத்துப்போய்ப் புல்லில் விரித்துக்கொண்டாள். தூங்கினோமா என்று அவளுக்கே தெரியவில்லை. சொந்தமாகத் தூங்கினால் எப்படியிருக்கும் என்று தெரிந்தால்தானே!

துயில் அளவர் ரபீக் திரையைப் பார்த்து முகம் சுளித்தார்.

"நாலு மணி நேரம் தூங்கியிருக்கீங்க மேடம். ஆனா செல்லாது."

"ஏன் சார்?"

"துணை வச்சுத் தூங்கினா கணக்குல வராது. புல்லுக்கடியில மண்ணுணரி இருக்குல்ல? உங்க பக்கத்துல இன்னொரு மூச்சு பதிவாயிருக்கு."

"சத்தியமா யாருமே இல்ல சார். என் வேலையே போயிரும்."

ரபீக் மறுபடி பார்த்தார். அந்த மூச்சு நிமிடத்துக்கு நான்கே முறை. எடை மூன்று டன். அவர் எழுந்து அவள் பாய் கிடந்த பக்கம் நடந்தார். ஸ்டெல்லா பின்னால் ஓடினாள்.

பாயிலிருந்து நான்கடி தள்ளி, ஒரு பேருடம்பின் அளவுக்குப் புல் மடிந்து கிடந்தது. அவள் உள்ளங்கையை வைத்தாள். இன்னும் வெதுவெதுப்பு இருந்தது.

"யானை. அது வழக்கமா படுக்கிற இடத்துல போய்ப் பாய விரிச்சிருக்கீங்க."

அவர் கைத்திரையில் நேரத்தைப் பின்னோக்கி ஓட்டினார். பதினொன்றே காலுக்கு யானை தூரத்து மரங்களின் ஓரம் வந்து நின்றிருக்கிறது. முக்கால் மணி நேரம் அசையவில்லை. பன்னிரண்டுக்கு ஸ்டெல்லாவின் மூச்சு சீரானது. அதன் பிறகே அது மெல்ல நடந்து வந்து படுத்திருக்கிறது.

ரபீக் கைத்திரையை அவள் பக்கம் திருப்பினார். "துணை உங்களுக்கு இல்ல மேடம், அதுக்கு. நீங்க தூங்கட்டும்னு காத்திருந்திருக்கு."

அவர் சான்றில் விரல் பதித்தார். ஸ்டெல்லா அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. சான்று உத்தரவாதம் தந்தால்தான் மனிதர்கள் அவள் ரயிலில் ஏறுவார்கள். இந்த யானையோ அவள் மூச்சை மட்டும் கேட்டுவிட்டு அவளருகே கண்ணை மூடியிருக்கிறது. அவள் புல்லிலிருந்து கையை எடுக்காமல் அழுதாள்.