கிரிசூலாவின் விரல்கள்

வெள்ளை ரோஜாவின் இதழில் சிவப்பாக ஒரு கோடு இருந்தது.

பெரிய வெள்ளிக்கிழமை காலை. கவாலா துறைமுகத்துக்கு மேலே இருந்த சின்னக் கோயிலில், ஆண்டவரின் உருவத்தைக் கிடத்தும் மரத் தூம்பாவுக்குப் பெண்கள் பூக்கட்டிக்கொண்டிருந்தார்கள். எலுமிச்சைப் பூவும் உருகும் மெழுகும் ஈரக்கல்லும் கலந்த மணம் தொண்டை வரை இறங்கியது. அந்தச் சிவப்பைப் பூவின் நிறமென்றுதான் எவாந்தியா முதலில் நினைத்தாள். அடுத்த பூவிலும் இருந்தது. அதற்கடுத்ததில் ஒரு சின்ன விரலின் ரேகையே பதிந்திருந்தது.

கூடையிலிருந்து பூ எடுத்துத் தந்துகொண்டிருந்தது அவள் மகள் கிரிசூலா. ஐந்து வயது. முள்ளோடு சேர்த்துக் காம்புகளை இறுக்கிப் பிடித்தபடி, மெல்லிய குரலில் பாடிக்கொண்டிருந்தாள்.

"எவ்வளவு அடக்கமான பிள்ளை, அழுது ஒரு நாள் பார்த்ததில்லை," என்றாள் பக்கத்து வீட்டு மரிகா. கண்பட்டுவிடக் கூடாதென்று குழந்தையின் பக்கம் மூன்று முறை துப்பினாள். "என்னோடது ஒண்ணு இருக்கே, கொசு கடிச்சாலே ஊரைக் கூட்டும்."

எல்லோரும் சிரித்தார்கள். எவாந்தியா மகளின் கைகளைக் கைக்குட்டையில் சுற்றி வீட்டுக்கு அழைத்து வந்தாள்.

சமையலறையில் அவள் கணவன் ஸ்டெர்கியோஸும், அவன் அண்ணன் பாதிரியார் அனெஸ்தீஸும் இருந்தார்கள். மேசையில் வினிகர் ஊற்றிய பயறுக் கஞ்சி. எண்ணெய்கூடச் சேர்க்காத விரத நாள். ஸ்டெர்கியோஸ் மகளின் உள்ளங்கையைப் பார்த்தான். பதறவில்லை. குழந்தையை மேசைமேல் தூக்கி உட்கார வைத்து, வாயைத் திறந்து நாக்கைப் பார்த்தான், காலுறையைக் கழற்றிப் பாதத்தைத் திருப்பினான், முழங்கையை மடக்கி நீட்டினான். பழகிய வேகம். ஓட்டி வந்த காரில் கீறல் விழுந்திருக்கிறதா என்று பார்ப்பது போல.

எவாந்தியாவுக்கு ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தது. தடுப்பூசிக்கு அழாத குழந்தை. இஸ்திரிப் பெட்டியில் கை வைத்து, தோல் கருகும் நாற்றம் வந்த பிறகும் சிரித்த குழந்தை. ஒவ்வொரு முறையும் டாக்டரிடம் இவனே தூக்கிக்கொண்டு ஓடினான். ஒவ்வொரு முறையும் 'தைரியசாலி' என்ற ஒரே சொல்லோடு திரும்பி வந்தான்.

"நீ இதைத் தினமும் பண்றியா?" என்று கேட்டாள்.

"எதை?"

"இப்படித் தேடிப் பாக்குறதை. என்ன தேடுற ஸ்டெர்கியோஸ்?"

அவன் குழந்தையை இறக்கிப் பக்கத்து அறைக்கு அனுப்பினான். கதவைச் சாத்தினான்.

"ஆஸ்பத்திரியில கரு வச்சாங்கல்ல," என்றான். "வைக்கிறதுக்கு முன்னாடி அதோட மரபணுவுல ஒண்ணை மாத்தச் சொன்னேன். அவளுக்கு வலி தெரியாது, எவா. எப்பவுமே தெரியாது."

எவாந்தியா கறைபட்ட கைக்குட்டையை மேசைமேல் போட்டாள்.

"என் வயித்துக்குள்ள வச்ச பிள்ளை," என்றாள். "என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டியா?"

"கேட்டா நீ வேண்டாம்னிருப்ப."

"ஆமா, வேண்டாம்னுதான் சொல்லியிருப்பேன்."

பாதிரியார் கரண்டியைக் கீழே வைத்தார். "முட்டாளே," என்றார். அந்தக் குரலில் பிரசங்கம் இல்லை, அண்ணன்தான் இருந்தான். "ஆண்டவர் மனுஷனா வந்தப்ப நம்மகிட்ட இருந்து பாவத்தைத் தவிர எல்லாத்தையும் எடுத்துக்கிட்டாரு. பசி, பயம், கண்ணீர், வலி எல்லாத்தையும். இன்னிக்கு எதுக்காகக் கோயில்ல அழறோம்? அவர் வாங்கிக்கிட்டதை நீ வெட்டிக் குப்பையில போட்டிருக்க."

"அண்ணே, லாம்ப்ரோஸ் கத்துனது உனக்கு ஞாபகம் இருக்கா?"

லாம்ப்ரோஸ் எவாந்தியாவுக்கும் ஸ்டெர்கியோஸுக்கும் பிறந்த முதல் குழந்தை. எலும்புக்குள் வந்த புற்றுநோய். அந்தக் கடைசி வசந்தம் முழுக்க மருந்துக்கும் அடங்காமல் கத்திக் கத்தியே இறந்துபோனான்.

"இருக்கு," என்றார் பாதிரியார்.

"நீ வந்து ஜெபம் பண்ணிட்டுப் போயிட்ட. அந்தச் சத்தத்தோட ராத்திரி பூரா உட்கார்ந்திருந்தது நான். இன்னொரு பிள்ளையை அதுக்குப் பெத்துக் குடுக்க முடியாதுன்னு முடிவு பண்ணேன். ஆண்டவருக்குக் கோபம்னா என்கிட்ட காட்டட்டும்."

"நானும்தாண்டா அவன் பக்கத்துல இருந்தேன்," என்றாள் எவாந்தியா. "என் பிள்ளையோட கண்ணீரை யாரைக் கேட்டு நீ..."

பாதிரியார் எழுந்தார். "குழந்தைமேல ஒரு குத்தமும் இல்ல. உன்னை என்னைப் போல அவளும் ஆண்டவரோட பிள்ளைதான். ஆனா வலி இல்லாம அவகிட்ட 'நிறுத்து'ன்னு யாருடா சொல்லப்போறா?"

இருட்டும் நேரம் அண்ணனும் தம்பியும் கோயிலுக்குப் போனார்கள். தூம்பா தூக்குகிறவர்களில் ஸ்டெர்கியோஸும் ஒருவன்.

எவாந்தியா வாசல் கதவை விரியத் திறந்து வைத்தாள், ஊர்வலம் வரும்போது எல்லா வீடும் திறந்திருக்க வேண்டும். தெருவில் விளக்குகளை அணைத்திருந்தார்கள். தூரத்தில் மணி நிறுத்தி நிறுத்தி அடித்தது. மகளை மடியில் வைத்து, வெந்நீரில் துணி நனைத்து, உள்ளங்கையில் பதிந்த முட்களை ஒவ்வொன்றாக எடுத்தாள். சதைக்குள் ஆழமாகப் போயிருந்தன. கிரிசூலா, யாரோ தலை சீவி விடுவதைப் பார்க்கிற மாதிரி, அக்கறையோடு பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வலிக்குதா?"

"மரிகா ஆன்ட்டியோட பையன் சொல்வானே, அதுவா?"

"ஆமா."

"எப்படிம்மா இருக்கும்?"

எவாந்தியா மேசையிலிருந்த வினிகரை எடுத்துக் காயத்தில் ஊற்றினாள். சுத்தம் செய்யத்தான். சுத்தம் செய்யத்தான் என்று தனக்கே சொல்லிக்கொண்டாள். குழந்தையின் முகத்தில் ஒரு தசைகூட அசையவில்லை. ஸ்டெர்கியோஸ் செய்த வேலை. தன்னைக் கேட்காமல், தன் வயிற்றுக்குள் செய்த வேலை. அது இந்த அழகான, அமைதியான முகமாக உட்கார்ந்து அவளைப் பார்த்துச் சிரித்தது.

காயத்தின்மேல் கட்டைவிரலை வைத்து அழுத்தினாள்.

கொஞ்சம் கூடுதலாக.

லாம்ப்ரோஸைத் தூக்கும்போது அவன் முகம் சுளித்தால் கை தானாக நின்றுவிடும். அது நினைவுக்கு வந்தது. இந்த முகத்தில் நிறுத்தச் சொல்ல ஒன்றுமில்லை.

"ஒரு சொட்டு," என்றாள். தன் குரல் தனக்கே கேட்கவில்லை. "அம்மாவுக்கு ஒரு சொட்டு போதும்."

"என்ன சொட்டும்மா?"

சுண்டுவிரலைப் பிடித்தாள். பின்னால் வளைத்தாள். மணி நெருங்கியது. நிறுத்த நினைத்தாள். வளைத்தாள்.

உலர்ந்த சுள்ளி முறிகிற சத்தம்.

மெழுகுவத்திகளின் வெளிச்சம் சுவரில் ஏறியது. ஆசீர்வாதத்துக்காக ஊர்வலம் அவர்கள் வாசலில் நின்றது. பூக்களுக்குக் கீழே, தூம்பாவின் கம்பைத் தோளில் தாங்கியபடி ஸ்டெர்கியோஸ். முன்னால் அவன் அண்ணன். பின்னால் தெரு முழுக்க முகங்கள். பாட்டு ஒவ்வொரு வாயாக நின்றது.

கிரிசூலா அவர்களைத் திரும்பிப் பார்க்கவில்லை. அம்மாவின் முகத்தையே பார்த்தாள். அம்மாவுக்கு ஏதோ வேண்டியிருக்கிறது, அது இன்னும் கிடைக்கவில்லை. அது மட்டும் அவளுக்குப் புரிந்தது. அம்மாவுக்கு வசதியாக விரல்களை விரித்து, இன்னொரு கையையும் நீட்டினாள்.

எவாந்தியா அந்தக் கையையும் வாங்கிக்கொண்டாள்.