அறுபத்தொன்றில் ஒரு கோப்பு

அந்தப் பழைய மருத்துவமனைக்கு அண்ணியும் நானும் போனது காலை ஒன்பது மணிக்கு. சுள்ளென்று வெயில். பேய்க்கதைக்கு லாயக்கான நேரமே இல்லை.

நோயாளிகளை முந்தின நாளே புதுக் கட்டடத்துக்கு மாற்றிவிட்டார்கள். பன்னிரண்டு மணிக்குப் பழைய கம்ப்யூட்டரை நிரந்தரமாக அணைத்துவிடுவார்கள். அதற்குள், புதுக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுபோக, அதிலிருக்கும் பொது லைப்ரரி கோப்புகளை நான் வகை பிரித்தாக வேண்டும். பெரிய வித்தையெல்லாம் இல்லை. வீட்டில் இருக்கும் ஒரே கத்தரிக்கோலை ஆளாளுக்கு எடுப்பதுபோல, பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்துக்கொள்ளும் கோப்புகள் அவை. எது எதற்குத் தேவை என்று பார்த்து, தேவையில்லாததைத் தூக்கிப்போடுவதுதான் என் பிழைப்பு.

அங்கே ஓடிய மென்பொருளை எழுதியவன் என் அண்ணன். செத்து மூன்று மாதம் ஆகிறது. எனக்கு இன்னும் அழுகை வரவில்லை. உள்ளே எல்லாம் மரத்துக் கிடக்கிறது, அவ்வளவுதான்.

கூடத்தில் டோக்கன் எண் சொல்லி நோயாளிகளைக் கூப்பிட்டதும் பதிவுசெய்த அவன் குரல்தான். பூஜ்யம் முதல் ஒன்பது வரை, பிறகு ஒரு ‘வாங்க’. மொத்தம் பதினோரு சொல்.

“வீட்ல ஒரு வீடியோகூட இல்ல. கேமராவைப் பார்த்தாலே ஓடுற மனுஷன். அந்தக் குரலை மட்டும் எடுத்துக் குடு, போதும்,” என்றாள் அண்ணி.

“அதுக்குத்தானே வந்திருக்கேன். நீங்க உக்காருங்க அண்ணி.”

அவளைக் காலியான கூடத்தில் உட்காரவைத்துவிட்டு சர்வர் அறைக்குள் போனேன். தூசி, சூடான பிளாஸ்டிக் வாடை. கொஞ்ச நேரத்தில் கதவுக்கு அந்தப்பக்கம் அண்ணன் கூப்பிட ஆரம்பித்தான்.

நான்கு. இரண்டு. வாங்க.

யாரோ புரோகிராமை நிறுத்த மறந்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

ஒவ்வொரு புரோகிராமுக்குள்ளும் தனக்கு வேண்டிய கோப்புகளின் பட்டியல் இருக்கும். எந்தப் பட்டியலிலும் இல்லாதவை அறுபத்தொன்று. ‘யாருக்கும் வேண்டாதவை’ என்று ஒதுக்கி, ஒரே தட்டில் அழித்தேன். பிறகுதான் குரல் கோப்பைத் தேடினேன்.

இல்லை.

அண்ணனுக்கு ஒரு கெட்ட பழக்கம். வேண்டிய கோப்பைப் பட்டியலில் எழுதவே மாட்டான். புரோகிராம் ஓட ஆரம்பித்த பிறகுதான் கோப்பைத் தேடி எடுக்கவைப்பான். இதற்காக எத்தனை தடவை சண்டை போட்டிருக்கிறேன். இன்றைக்குப் பார்த்து அதை மறந்து, குரலையும் அந்த அறுபத்தொன்றோடு அழித்துத் தொலைத்தேன்.

பதறியிருக்க வேண்டும். பதறவில்லை.

வெளியே குரல் கேட்டுக்கொண்டேதான் இருந்தது. ஓடுகிற புரோகிராம், தான் பிடித்திருக்கும் கோப்பை அழித்தாலும் நிறுத்தும்வரை விடாது. அதிலிருந்து நகல் எடுத்துவிடலாம். அவசர அவசரமாகத் தட்டத் தொடங்கினேன்.

திரை இருண்டது. மின்விசிறிகள் ஒவ்வொன்றாக ஓய்ந்தன.

வாசலில் எலக்ட்ரீஷியன் நின்றிருந்தார். “பன்னெண்டுன்னாங்க சார். அதுக்கு ரெண்டு நிமிஷம் இருக்கும்போதே அணைச்சுட்டேன். சாப்பிடப் போகணும்.”

“சரி,” என்றேன். “கூடத்துல கேட்ட குரலும் நின்னுடுச்சா?”

“கூடத்து ஸ்பீக்கரை நேத்தே கழட்டியாச்சு,” என்று மூலையைக் காட்டினார்.

அட்டைப்பெட்டிக்குள் நான்கு ஸ்பீக்கர்களும் ஒயர் சுற்றிக் கிடந்தன.

கதவுக்கு அந்தப்பக்கம் யாரோ மெதுவாகத் தொண்டையைச் செருமினார்கள்.

எனக்குப் பயம் வந்தது. மூன்று மாதத்தில் முதல் தடவையாக ஏதோ ஒன்று வந்தது.

கூடத்துக்கு ஓடினேன். வரிசை வரிசையாகக் காலி நாற்காலிகள். நடுவில் அண்ணி மட்டும். முகத்தைப் பார்த்துச் சொல்லத் தைரியம் இல்லை.

“அண்ணி...”

அவள் உதட்டில் விரல் வைத்தாள். “சத்தம் போடாத. பேசிட்டிருக்கார்.”

“நம்பரா?” என் குரல் எனக்கே கேட்கவில்லை.

“நம்பரெல்லாம் அப்பவே நிறுத்திட்டார்.” அவள் என்னைப் பார்க்கவில்லை. “நீ அழிச்சதுக்குக் கோவம் இல்லையாம். வேணும்னு செய்யலைன்னு தெரியுமாம்.”

நான் இன்னும் அவளிடம் எதுவுமே சொல்லியிருக்கவில்லை.

காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. அண்ணி தலையாட்டினாள், லேசாகச் சிரித்தாள். அவள் பக்கத்து நாற்காலியைப் பிடித்து உட்காரப் போனேன்.

“அதுல உக்காராத,” என்றாள் அண்ணி.

நாற்காலிக் கை வெதுவெதுப்பாக இருந்தது.