கோட்டோரம் ஒரு மௌனம்

அவள் முதலில் அடையாளம் கண்டது அவனுடைய பின்கழுத்தைத்தான்.

மழைக்கு ஒதுங்கிக் காபிக்கடைக்குள் ஓடி வந்தவன், கையிலிருந்த கனத்த தோல்பெட்டியை வாசலிலேயே வைத்துவிட்டு, தெருப் பக்கம் திரும்பி நின்று குடையை உதறினான். தட்டு நிறையக் காலிக் கோப்பைகளோடு வந்த இடலீனா அந்தப் பெட்டியில் இடறினாள். கோப்பைகள் சிதறி உடைந்தன.

"பெட்டி வைக்கிற இடமா இது? கண்ணு எங்க இருக்கு உங்களுக்கு?"

அவன் திரும்பவில்லை. குடை பாதி மடங்கியபடியே நின்றது.

"இந்தக் குரல்..." என்றான் மெதுவாக. "எனக்குத் தெரிஞ்ச குரலாச்சே..."

அவளுக்கும் தெரிந்துவிட்டது. வெயிலில் சிவந்த கழுத்து... காதுக்குக் கீழே ஒரு சின்ன மச்சம்... மே மாதத்துக் கடைசி ஞாயிறு, கால்பந்து ஆட்டம் முழுக்க அந்தக் கழுத்துக்குப் பின்னால்தான் அவள் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமையைப் பற்றி எங்கள் ஊர் லமெய்ராவில் யாரிடமும் வாயைக் கொடுத்துவிடாதீர்கள், லேசில் விடமாட்டார்கள். நாங்கள் முதல் பிரிவில் ஆடிய ஒரே பருவம் அது. கடைசி ஆட்டத்தில் ஜெயித்தால் தப்பிப்போம் என்ற நிலை. கடைசி நிமிடத்தில் இடலீனாவின் தம்பி ததேயு பந்தை வலைக்குள் தள்ளினான். ஊரே எழுந்து ஆடியது. அப்போதுதான் கோட்டு நடுவரின் கொடி உயர்ந்தது. ஆஃப்சைடு... பந்து கிளம்புமுன்பே எதிரணியின் கடைசி ஆளைத் தாண்டிவிட்டானாம், கோல் இல்லை. நாங்கள் இரண்டாம் பிரிவுக்கு இறங்கினோம். டிவிக்காரர்களின் ஒரே கேமராவை விளக்குக் கம்பம் மறைத்துவிட்டது. அதனாலென்ன, பகல் கொள்ளை என்று ஊர் ஒருமனதாகத் தீர்ப்பு சொல்லிவிட்டது.

இப்போது அக்டோபர். அந்தக் கொடிக்காரன் அவள் கடையில் குனிந்து, கோப்பைத் துண்டுகளைப் பொறுக்கிக்கொண்டிருந்தான்.

"இங்க எதுக்கு வந்தீங்க?" அவள் குரலைத் தாழ்த்தினாள். "எங்கப்பா உள்ள தூங்கறாரு. நீங்க யாருன்னு தெரிஞ்சா பெட்டியோட சேர்த்து உப்பளத்துல வீசிடுவாரு."

"தராசு சோதிக்க வந்தேன். வார நாள்ல அதான் என் உத்தியோகம். உங்க ஊர் மீன் சந்தையை முடிக்கவே ரெண்டு மூணு வாரம் ஆகும். பேரு வலேரியோ..."

"பேரெல்லாம் எதுக்கு? உங்களுக்கு நாங்களே நிறைய வச்சிருக்கோம்."

"தெரியும். 'கொக்குக்காலன்' நீங்க வச்சதுதானே?"

அவள் முகம் குப்பென்று சிவந்தது.

"லைன்ஸ்மேன் கூட்டத்தைத் திரும்பிப் பாக்கக் கூடாது. கல்லு விழுந்தாலும் சரி... அதனால எனக்கு உங்க முகம் தெரியாது, குரல்தான். கண்ணாடி வாங்கித் தரேன்னீங்க... கொடிக்கம்பை அடுப்புல வைக்கச் சொன்னீங்க..." சிரித்தான். சிரிப்பு பாதியிலேயே களைத்துப் போனது. "ஆனா நான் கொடியத் தூக்கினப்போ மொத்த ஊரும் கத்திச்சு. உங்க குரல் மட்டும் நின்னு போச்சு. ஏன்?"

மழை நனைத்த இமைகளுக்குக் கீழே, பல நாள் தூங்காத கண்கள். அந்தக் கண்களைப் பார்த்துப் பொய் சொல்வது கஷ்டமாக இருந்தது அவளுக்கு.

"தொண்டை கட்டிக்கிச்சு," என்றாள்.

மறுநாளும் வந்தான். அதற்கு மறுநாளும்... அப்பா தூங்கும் மதியமாகப் பார்த்து வருவான். அப்படியே அப்பா அன்செல்மோ விழித்திருந்தாலும் பயமில்லை, அன்றைக்கு அவர் எதிர்ப்பக்கத்து மேடையில் இருந்தவர், முகம் தெரியாது.

"எங்க தராசு சரியா இருக்கா?" என்பாள்.

"தராசு சரிதான். காபிதான் தண்ணி..."

"கொக்குக்குத் தண்ணிதானே ஒத்துக்கும்?"

அம்மா போனதிலிருந்து விடிவதற்கு முன்பே கடை திறப்பது அவள்தான். அந்த அலுப்பைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம். தினமும் சாயங்காலம் சீட்டாட வருகிறவர்களிடம் அப்பா அந்தக் கொள்ளையின் கதையைச் சொல்வார், ததேயுவுக்கு யாராவது பீர் வாங்கித் தருவார்கள், "ஆமாதானே இடலீனா?" என்பார் அப்பா. அவள் தலையாட்ட வேண்டும். அதுதான் உடம்பை அடித்துப் போட்டது. தம்பிக்கு இனி எந்தப் பெரிய கிளப்பும் வராது. அவனிடம் மிச்சமிருப்பது அந்த ஒரு கோல்தான்... அதையும் எப்படிப் பிடுங்குவாள்?

மூன்றாவது வாரம் அவன் காபியைத் தொடவே இல்லை.

"இந்த ஞாயித்துக்கிழமையோட விட்டுடப் போறேங்க..."

"எதை?"

"கொடிய. இப்பல்லாம் தூக்கறதுக்கு முன்னாடி கை யோசிக்குது. தப்பாத் தூக்கி ஒரு ஊரையே கீழ தள்ளிட்டேனோன்னு... ராத்திரியெல்லாம் அதே நினைப்பு. தப்புன்னா தப்புன்னு தெரிஞ்சாக்கூட நிம்மதியாப் போயிடுவேன். தெரியலையே..."

அவள் வாயைத் திறந்தாள். அதற்குள் அப்பாவின் இருமல் சத்தம் கேட்டது. மூடிக்கொண்டாள்.

வேலை முடிந்த வெள்ளிக்கிழமை, பெட்டியோடு விடைபெற வந்தான். சீட்டாட்டம் களைகட்டியிருந்த நேரம். பயிற்சி முடிந்து நனைந்துகொண்டே உள்ளே வந்தான் ததேயு... வந்தவன் அப்படியே நின்றான். அன்றைக்கு மைதானத்தில் அந்த முகத்துக்கு மிக அருகில் நின்று கத்தியவன் அல்லவா அவன்.

"அப்பா... இந்தாளு யாருன்னு தெரியுதா? இவன்தான் அந்த லைன்ஸ்மேன்!"

நாற்காலிகள் உரசின. அன்செல்மோ கைச்சீட்டுகளைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்தார்.

"என் கடையில உக்காந்து என் காபியையே குடிச்சியாடா? திருட்டுப் பயலே... வெளிய போ!"

வலேரியோ பெட்டியைத் தூக்கினான்; தலை குனிந்து வாசலை நோக்கி நடந்தான். திருடன் என்ற பட்டத்தை அவன் ஒப்புக்கொண்டுவிட்டதைப் போலிருந்தது அந்த நடை. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

"ததேயு ஆஃப்சைடுதான்!"

வாசலில் கால்கள் நின்றன. அப்பாவின் கழுத்து மெல்லத் திரும்பியது.

"என்னடி சொன்னே?"

"அவர் தூக்கினது சரிதான்பா. நான் அந்தக் கோட்டுக்கு நேரா உக்காந்திருந்தேன். பந்து கிளம்பறப்பவே தம்பி கடைசி ஆளத் தாண்டிட்டான். என் கண்ணால பாத்தேன்... அதான் நான் கத்தல."

"இத்தனை நாள் இல்லாம, இன்னிக்கு யாருக்காகடி பேசறே?"

 அவள் மேலங்கியின் முனையை இறுகப் பிடித்துக்கொண்டாள். ஆனால் குரல் நடுங்கவில்லை.

"இவருக்காகத்தான். இவர எனக்குப் பிடிச்சிருக்குப்பா. நான் தலையாட்டித் தலையாட்டி... செய்யாத திருட்டுக்கு இவரு தூக்கமில்லாம அலையறாரு. என்னால முடியலப்பா..."

 ததேயு ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். அக்காவை முறைப்பான் என்று எல்லோரும் எதிர்பார்த்தார்கள். அவன் தரையைப் பார்த்தான்.

"அரை அடிதான்க்கா..." என்றான். "ஓடறப்பவே தெரிஞ்சுது. கொடி வராதுன்னு நெனச்சேன்."

அன்செல்மோ மகனைப் பார்த்தார், மகளைப் பார்த்தார், சமையலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். சீட்டாட்டக்காரர்களுக்குத் திடீரென்று அவரவர் வீட்டு ஞாபகம் வந்துவிட்டது.

வலேரியோ வாசலிலேயே நின்றுகொண்டிருந்தான். எந்த வார்த்தைக்காக அவன் ஐந்து மாதம் தூங்காமல் கிடந்தானோ, அந்த வார்த்தை கிடைத்துவிட்டது. ஆனால் அவன் முகத்தில் ஓடியது வேறு ஏதோ...

"நீங்க... கடைசியா ஒண்ணு சொன்னீங்களே..."

"ஆஃப்சைடுன்னு சொன்னதா?"

"இல்ல... அதுக்கப்புறம்."

"காதுல விழுந்துச்சுல்ல?"

"விழுந்துச்சு... இன்னொரு தடவை சொல்லுங்க."

தம்பி உட்கார்ந்திருந்தான். சமையலறைக் கதவுக்குப் பின்னால் அப்பா கேட்டுக்கொண்டுதான் இருப்பார். கேட்கட்டும்.

"பிடிச்சிருக்கு," என்றாள் இடலீனா, கடை முழுக்கக் கேட்கும்படி. "உங்கள எனக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு வலேரியோ."