துள்ளாத மீன்கள்

மீசைமானியின் பலகை காலையிலிருந்து பச்சையாகவே இருந்தது. ஆனால் அணைக்கரையின் அடியில் கசிந்த தண்ணீர் கலங்கியிருந்தது.

மீன்காவலர் வடிவு அதை ஒரு கண்ணாடித் தம்ளரில் பிடித்துவந்து உதவிப் பொறியாளர் சேவியரின் மேசையில் வைத்தாள். மண் அணையில் கசிவு சகஜம். தெளிந்த கசிவுக்கு யாரும் பயப்படுவதில்லை. கலங்கினால், கரைக்குள்ளிருந்து மண் கரைந்து வருகிறது என்று பொருள்.

“மழத்தண்ணி சேந்திருக்கும்,” என்றார் சேவியர். “மீனு சும்மா கெடக்கு. அதுகளவிட ஒனக்குக் கூடத் தெரியுமாக்கும்?”

சுவரோரம் அறுபத்துநான்கு கண்ணாடிக் குழாய்களில் அறுபத்துநான்கு கண்ணிலிக் கெளுத்திகள். விரல் நக நீளம்தான். கண் இருக்கவேண்டிய இடத்தில் வெறும் தோல். செங்கானி ஆற்றின் ஆழ்மணலில் வாழும் இனம். பூமிக்குள் ஒரு கல் நகர்ந்தாலும் மீசை துடிக்கும். அந்தத் துடிப்பைப் படிக்கும் கருவிதான் மீசைமானி. நாற்பது மீன்கள் சேர்ந்து துடித்தால் கீழே பன்னிரண்டு ஊர்களிலும் தெருப்பலகைகள் சிவக்கும், சங்கு ஊதும், சனம் மேடேறும். கையால் அதை ஊத வழி கிடையாது.

வடிவு ஸ்பேனரை எடுத்துக் குழாய்களின் இரும்புச் சட்டத்தை ஓங்கி அடித்தாள்.

“ஏ, என்ன செய்யுத?”

மறுபடியும் அடித்தாள். தம்ளர் அதிர்ந்து தண்ணீர் சிந்தியது. ஒரு மீசைகூட அசையவில்லை.

“பாத்தியளா சார்?”

ஏன் என்று வடிவுக்குத் தெரியும். லாரி போனாலே பதறும் மீன்களுக்கு அவர்கள் வைத்த பெயர் ‘துள்ளி’. வீணாக ஒருமுறை சங்கு ஊதினால் பன்னிரண்டு ஊர் கலையும். மேலிடத்து விசாரணை வரும். அதனால் ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் துள்ளிகளைப் பொறுக்கி ஆற்றில் விட்டுவிட்டு, சாதுவானவற்றை மட்டும் குஞ்சு பொரிக்கப் பண்ணைக்கு அனுப்பினாள். பத்தொன்பது வருடங்களாக, தன் கையாலேயே.

சேவியர் கீழூரில் இருந்த மனைவியை அழைத்தார். “ஸ்டெல்லா, பிள்ளையளக் கூட்டிக்கிட்டு மேட்டுக்குப் போ.”

“பலக பச்சையாத்தான இருக்கு? ஒலையில அரிசி போட்டாச்சு. சும்மா பதறாதிய.” இணைப்பு அறுந்தது.

“வீட்டுக்காரியே கேக்கமாட்டேங்கா. ஊரு கேக்குமா?” என்றார்.

எல்லாக் குழாய்களுக்கும் ஒரே தொட்டித் தண்ணீர். அருகில் கல்லுப்பு மூட்டை. மீனுக்கு நோய் கண்டால் ஒரு பிடி போடுவார்கள். வடிவு மூட்டையை அப்படியே தொட்டியில் கவிழ்த்தாள்.

“செத்துப்போகுமே வடிவு.”

“அதுக்கு முந்தித் துடிக்கும் சார்.”

துடிக்கும் மீன்களின் எண்ணிக்கை பலகையில் ஏறியது. ஏழு. இருபத்திரண்டு. முப்பத்தொன்பதில் எண் நின்றது. வடிவு தொட்டிக்குள் கையை விட்டு உப்பைக் கலக்கினாள். நாற்பத்தொன்று. பலகை சிவந்தது. கீழே ஊர்ஊராகச் சங்கு எழுந்தது.

ஒன்றரை மணி நேரத்தில் கரை உடைந்தது. வீடுகள் போயின, ஆள் யாரும் போகவில்லை.

வடிவு உப்பையும் துள்ளிகளையும் மறைக்காமல் விசாரணைக் குழுவுக்கு எழுதிக் கொடுத்தாள். ‘பலகை சிவந்ததைக் கண்டேன்’ என்று மட்டும் எழுதிக் கையெழுத்திட்டார் சேவியர்.

இரண்டு உத்தரவுகள் வந்தன. மீசைமானி தொண்ணூறு நிமிடம் முன்னதாகவே எச்சரித்திருப்பதால், அதே பண்ணையின் மீன்களை மேலும் முப்பது அணைகளுக்கு அனுப்பவேண்டும் என்றது ஒன்று. எளிதில் பதற்றமடையும் இயல்பு காரணமாக, மீன்காவலர் வடிவை அணைப் பணியிலிருந்து நீக்கிக் கிடங்குக்கு மாற்றியது மற்றது.