மூன்றாவது வரிசையில் காலி நாற்காலி

மூன்றாவது வரிசையில் ஒரே ஒரு நாற்காலி காலியாக இருந்தது. அது சிறுமி வான்தாங்கின் அப்பா உட்கார வேண்டிய நாற்காலி.

சீனாவின் யூஷான் நகரமே அன்று பிற்பகல் அந்த அரங்கத்தில் திரண்டிருந்தது. வராத ஒரே ஆள், ஆடுகிறவனைப் பெற்றவர்தான்!

ஆடுகிறவன் செங் பெய்லின், வான்தாங்கின் அண்ணன். இருபத்திரண்டு வயது. பெரிய மேசையில் கோலால் பந்துகளைக் குழியில் தள்ளும் ஸ்னூக்கர் ஆட்டம்தான் அவன் தொழில். பதினான்கு வயதில் பள்ளிப் படிப்பை விட்டுவிட்டுப் பயிற்சிக்குப் போனான். பதினேழு வயதில் தன்னந்தனியாக இங்கிலாந்து போனான். அப்போது அவனுக்குத் தெரிந்த ஆங்கிலம் 'யெஸ்', 'நோ', 'எக்'. அதனால் முதல் மாதம் முழுக்க முட்டையையே தின்றான்.

ஒரே பந்தை ஒரே குழியில் நூறு முறை போடுவான். தொண்ணூற்றொன்பதாவது முறை தவறினால், முகம் சுளிக்காமல் மறுபடி ஒன்றிலிருந்து தொடங்குவான். அப்படிப்பட்ட அண்ணன்மேல் வான்தாங்குக்கு உயிர். பள்ளியில் 'நான் வியக்கும் மனிதர்' என்று கட்டுரை எழுதச் சொன்னால், இரண்டாம் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்பு வரை அவள் எழுதியது ஒரே கட்டுரைதான்.

ஆனால் இந்த வருடம் அவனுக்குத் தோல்விமேல் தோல்வி. இன்றும் தோற்றால் தொழில்முறை வீரர்கள் பட்டியலிலிருந்தே பெயர் போய்விடும். அதுவும் சொந்த ஊரில், சொந்த ஜனங்களுக்கு முன்னால்.

முதலில் ஐந்து சுற்று ஜெயிப்பவருக்கு வெற்றி. நான்கு சுற்று முடிந்திருந்தது. எதிராளி மூன்று, பெய்லின் ஒன்று.

வான்தாங் ஒன்றைக் கவனித்தாள். எதிராளி ஆடும்போது அண்ணன் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். அப்போதெல்லாம் அவன் கண் மூன்றாவது வரிசைக்கே வந்து போனது.

"அம்மா, அண்ணன் அப்பாவத் தேடுறான்."

"நானும் கெஞ்சிப் பாத்துட்டேன். உங்கப்பா புடிச்ச முயலுக்கு மூணே காலு!" என்றாள் அம்மா. அவளுக்கு வேறொரு எரிச்சலும் இருந்தது. கொறிக்கிற சத்தம் ஆட்டத்தைக் கெடுக்கும் என்று சொல்லி, அவளுடைய சூரியகாந்தி விதைப் பொட்டலத்தை வாசலிலேயே வாங்கி வைத்துவிட்டார்கள்.

பதினைந்து நிமிட இடைவேளை விட்டார்கள். வான்தாங் எழுந்தாள்.

"எங்கடி ஓடுற?"

"மூணு கால் முயலப் புடிக்க!"

அப்பாவின் நூடுல்ஸ் கடை இரண்டு தெரு தள்ளி இருந்தது. உள்ளே டிவியின்மேல் பெரிய துண்டு போர்த்தியிருந்தது. அப்பா சூப் அண்டாவைக் கிண்டிக்கொண்டே, "லியாவ்! இப்ப எப்படிப் போகுது?" என்று கத்தினார். பக்கத்துச் சாவிக்கடை லியாவ் மாமா கைப்பேசியின் திரை அப்பாவுக்குத் தெரியாதபடி திருப்பிப் பிடித்துக்கொண்டு, "மூணுக்கு ஒண்ணு! இதோட இருபது தடவ கேட்டுட்ட!" என்று பதில் கத்தினார்.

எட்டு வருடங்களுக்கு முன்னால் ஒரு போட்டிக்கு அப்பா போய் உட்கார்ந்தார். உடனே மகன் சுலபமான கருப்புப் பந்தைத் தவறவிட்டான். அடுத்த முறை டிவியைப் போட்டார். அப்போதும் தவறவிட்டான். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான். ஆனால் அப்பா அன்றோடு முடிவு கட்டிவிட்டார், தன் பார்வை மகனுக்கு ஆகாது என்று.

"அப்பா, கெளம்புங்க!"

"வேணாம்மா. நான் வந்தா அவன் தோத்துருவான். என் ராசி அப்படி."

"இன்னைக்கு நாலு சுத்தும் நீங்க எங்கப்பா இருந்தீங்க?"

"இங்கதான். டிவிய மூடிட்டு, நல்ல புள்ளையா!"

"அப்ப அந்த மூணு சுத்து யாரு ராசியால தோத்தான்?"

அப்பாவின் கரண்டி பாதியில் நின்றது.

"மாட்டுனியா, செங்!" என்று லியாவ் மாமா அப்பாவைக் குடும்பப் பெயர் சொல்லிக் கூப்பிட்டுச் சிரித்தார்.

"அண்ணன் ஒங்க நாற்காலியவே பாக்குறான்பா. ஆட்டத்துல மனசே இல்ல."

அப்பா அடுப்பை அணைத்தார். பிறகு சமையலுக்குக் கட்டியிருந்த ஏப்ரனை அவிழ்த்து எறிந்தார். "லியாவ், கடையப் பாத்துக்க!"

"யோவ், எனக்குச் சாவி வெட்டத்தான்யா தெரியும்!" என்று லியாவ் மாமா அலறுவதற்குள் ஸ்கூட்டர் தெருமுனையைத் தாண்டிவிட்டது.

அரங்கக் கதவு மூடப்போகும் நேரத்தில் இருவரும் உள்ளே நுழைந்தார்கள். அப்பா நாற்காலியில் உட்கார்ந்ததும் கண்களை இறுக மூடிக்கொண்டார்.

பெய்லின் ஓய்வறையிலிருந்து வெளியே வந்தான். மூன்றாவது வரிசையைப் பார்த்தான். ஒரு கணம் அப்படியே நின்றான். பிறகு மேசையருகே போய்க் குனிந்தான்.

அதன்பின் அவன் ஆடியதே ஆட்டம்! சிவப்புப் பந்துகள் ஒவ்வொன்றாகக் குழியில் இறங்கின. வெள்ளைப் பந்து, சொன்ன பேச்சைக் கேட்கிற பிள்ளையைப் போல அவன் நினைத்த இடத்தில் போய் நின்றது. மூன்றுக்கு மூன்று. எதிராளி ஒரு சுற்றைப் பிடுங்கினான். பெய்லின் அடுத்ததைப் பிடித்தான். நான்குக்கு நான்கு. கடைசிச் சுற்றில் மேசையில் மிஞ்சியது கருப்புப் பந்து மட்டும்; அதைக் குழியில் போடுபவருக்கே வெற்றி.

"என்னம்மா ஆச்சு?" என்று அப்பா கிசுகிசுத்தார்.

"கருப்பு மட்டும்தான் பாக்கி. கண்ணத் தெறங்கப்பா."

"பயமா இருக்கும்மா."

"அண்ணனுக்கும்தான் பயமா இருக்கும். அவன் கண்ண மூடிக்கிட்டா ஆடுறான்?"

அப்பா கண்களைத் திறந்தார். பெய்லின் அடித்தான். கருப்புப் பந்து உருண்டு, குழியின் வாயில் ஆடி, உள்ளே விழுந்தது. அரங்கம் அதிர்ந்தது.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு பெய்லின் நேராக மூன்றாவது வரிசைக்கு வந்தான்.

"நான் படிப்ப விட்டதுல உங்களுக்கு இன்னும் கோவம்னு நெனச்சேன்பா. அதான் அதுக்கப்புறம் ஒரு ஆட்டத்துக்கும் வரலன்னு..."

அப்பா திகைத்துப்போனார். "கோவமா? நீ ஆடுன ஒவ்வொரு ஆட்டத்தோட கணக்கும் எனக்கு மனப்பாடம்டா! நான் பாத்தா நீ தோத்துருவியோன்னுதான்..." அதற்குமேல் பேச முடியாமல் அழுதுவிட்டார்.

"தோக்குறதுக்கு நீங்க எதுக்குப்பா? நான் ஒருத்தனே போதும்!"

அப்பாவுக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நாளைக்கு ஆட்டம் எத்தன மணிக்கு?" என்று கேட்டார்.

"ரெண்டு மணிக்கு. ஆனா நாளைக்கு மோதுறவன் பெரிய ஆளு. தோத்தாலும் தோத்துருவேன்பா."

"தோத்தா என்னடா? நான் பாத்துக்கிட்டுதான இருப்பேன்!" என்றார் அப்பா.