எட்டுவாசல்

காலை ஏழரைக்குச் சங்கரவடிவு வேலைக்குக் கிளம்பினால், எட்டு மணிக்குள் முப்பத்தொரு வீடுகளின் அடுக்களைக்குள் நுழைந்து வெளியே வந்திருப்பாள். மூன்றாவது வீட்டில் சட்னிக்கு உப்புப் பார்ப்பாள். ஒன்பதாவது வீட்டில் புருஷன் பெண்டாட்டி சண்டை, நேற்று விட்ட இடத்திலிருந்து தொடரும். அவள் தலை தெரிந்ததும் “நீங்களே சொல்லுங்க மைனி” என்று இருவரும் ஒரே குரலில் கேட்பார்கள். பதினாறாவது வீட்டில் யாராவது ஒருவர் எப்போதும் குளித்துக்கொண்டிருப்பார். “கண்ணை மூடிட்டேன்” என்று அறிவித்துவிட்டுத் தாண்டிப் போவாள். இதை யாரும் அத்துமீறல் என்று நினைத்ததே இல்லை. கூழாங்கல் என்ற அந்தச் சிறுகோளில் தெரு என்று ஒன்று கிடையாது.

காரணம் காற்று. கூழாங்கல்லில் மூச்சுவிட வேண்டுமானால் பாறையை வறுத்துத்தான் காற்றை எடுக்க வேண்டும். யாரும் குடியிருக்காத தெருவுக்கு எதற்குக் காற்று என்று குடியேற்றப் பொறியாளர்கள் கேட்டார்கள். கேள்வி நியாயமாக இருந்ததால் தெருவையே ரத்து செய்துவிட்டு, இடைவெளி விடாமல் ஒன்றோடொன்று பொருந்தும் வீட்டு வடிவத்தைத் தேடினார்கள். கனசதுரமும் பொருந்தும்தான். ஆனால் கனசதுரங்களை அடுக்கினால் சுவர்களெல்லாம் ஒரே நேர்கோட்டில் வரும். ஒரு முனையில் விரிசல் விட்டால் அது மறுமுனைவரை குஷியாக ஓடிவிடும்.

கடைசியில் அகப்பட்ட வடிவம் இதுதான். சின்னப் பிள்ளைகள் வரையும் வீட்டிலிருந்து கூரையை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்: இரண்டு சரிவுகள், இரண்டு பக்கமும் முக்கோணம், அடியில் சதுரம். அதேபோல இன்னொரு கூரையைத் தலைகீழாகப் பிடித்து, கால் சுற்றுத் திருப்பி, முதல் கூரையின் அடியில் ஒட்டுங்கள். முடிந்தது. நான்கு சதுரம், நான்கு முக்கோணம், மொத்தம் எட்டு முகம். இதைக் கோடிக்கணக்கில் அடுக்கினாலும் நடுவே ஒரு கடுகு நுழைய இடம் இருக்காது. மேல்வீட்டின் அடிக்கூரை, கீழே உள்ள இரண்டு கூரைகளுக்கு நடுவிலிருக்கும் பள்ளத்தில் போய்ச் சொகுசாக உட்கார்ந்துகொள்ளும். விரிசல் விழுந்தாலும் அடுக்குக்கு அடுக்கு திசை மாறுவதால் அலுத்துப்போய் நின்றுவிடும். தரை சரிவாக இருக்குமே என்று கவலைப்பட வேண்டாம். கூழாங்கல்லில் ஈர்ப்பு பெயரளவுக்குத்தான். தடுக்கி விழுந்தவர் தரையைத் தொடுவதற்குள் தன் தவறை முழுமையாக உணர்ந்து, வருந்தி, திருந்தியும் விடலாம்.

பூமியில் இந்த வடிவத்துக்குக் கைரோபைஃபாஸ்டீஜியம் என்று பெயர். கூழாங்கல்லின் எண்பது ஆண்டு வரலாற்றில் இதைப் பிழையில்லாமல் சொன்னவர்கள் இரண்டே பேர். அதில் ஒருவர் அப்போது தும்மிக்கொண்டிருந்தார்.

எட்டு முகத்துக்கும் ஒவ்வொரு வாசல் வைத்தார்கள். வாசல்தான், கதவு கிடையாது. பன்னிரண்டாயிரம் வீட்டுக்காரர்களும் ஒருவர் வீட்டுக்குள் ஒருவர் நடந்தே போக வேண்டிய இடத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

சங்கரவடிவுக்கு ஐம்பத்தெட்டு வயது. காற்றுப் பட்டறையில் சுவர்க்கசிவு பார்க்கும் வேலை. கணவர் இறந்து ஆறு வருஷம். பிள்ளைகள் இல்லை. ஆனாலும் அந்த ஆறு வருஷத்தில் அவள் தனியாகச் சாப்பிட்ட வேளை ஒன்றுகூடக் கிடையாது. சாப்பிட உட்கார்ந்தால் யாராவது குறுக்கே போவார்கள். போகிறவர்கள் தட்டைப் பார்த்துவிட்டு “இதென்ன, கூட்டு இல்லாமயா?” என்பார்கள். ஐந்து நிமிஷத்தில் எங்கிருந்தாவது கூட்டு வந்துவிடும்.

அப்படியிருக்கும்போது கோள்மன்றத்து வீட்டு வாரியத்திலிருந்து ஆணை வந்தது. சூரியக் குடும்பத்தின் எல்லா வீடுகளுக்கும் பட்டா கொடுக்கப்போகிறார்கள். படிவத்தில் ‘வீட்டின் வடிவம்’ என்று ஒரு கட்டம் இருந்தது. அதில் அவரவர் மொழியில் பதிவான பெயரை எழுத வேண்டும். பெயரில்லாத வடிவங்களைப் பத்தாம் நாள் உருக்கிகள் என்ற இயந்திரங்கள் வந்து உருக்கி, கனசதுரங்களாக வார்த்து, நடுவில் தெருவும் விட்டுத் தரும்.

சங்கரவடிவு ஆணையை மூன்று முறை படித்தாள்.

“தெரு வருதாமே எக்கா, நல்லதுதானே?” என்றான் பக்கத்து வீட்டுப் பீர்முகம்மது. பட்டறையில் அவளோடு வேலை பார்க்கிறவன். அவள் வீட்டில் காபி குடித்துவிட்டுத் தன் வீட்டுக் காபியைக் குறை சொல்கிறவன்.

“தெரு வந்தா கதவு வரும். கதவு வந்தா நீ எதுக்குல இங்க வரப்போற?”

அவன் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு யோசித்தான்.

அன்றே அவள், பட்டறையை ஒட்டியிருந்த உருவப் பதிவகத்துக்குப் போனாள். அங்கே பதிவன் என்ற இயந்திரம் இருந்தது. அதற்கு ஆறு கைகள். ஐந்து கைகள் முத்திரை குத்த. ஒன்று, ‘சற்றுப் பொறுங்கள்’ என்று காட்ட.

“விதிகள் மூன்று, அம்மா,” என்றது பதிவன். “ஒன்று: பெயர் பொருளுக்கு உண்மையாக இருக்க வேண்டும். இரண்டு: பெயரை முன்மொழிபவரும் அவரைத் தொட்டு வாழும் எட்டு வீட்டாரும், முன்மொழிபவரின் வீட்டில் ஒன்றாகக் கூடி இந்தப் பலகையில் கைபதிக்க வேண்டும். பலகை பதிவகத்திலிருந்து போகும் வழியிலும் வரும் வழியிலும் யாரும் அதைத் தடுக்கக் கூடாது. மூன்று: பதிவான பெயரை மாற்றுவதென்றால் அதே ஒன்பது பேரும் கூட வேண்டும். அந்த விவாதம் ஒரு நாள்கூட விடாமல் நடந்து, பலகை தினமும் இங்கே வந்து குறிக்கப்படும்வரை பழைய பெயரே செல்லும்.”

“ஒன்பது பேரும் ஒத்துக்கிடணும்னா பத்து நாள் பத்தாதே?”

“அது என் துறையல்ல, அம்மா,” என்று ஆறாவது கையைக் காட்டியது.

பலகையை இடுப்பில் இடுக்கிக்கொண்டு அவள் வீடு திரும்பினாள். எட்டு வீட்டாரும் வந்து சரிவில் சாய்ந்து உட்கார்ந்தார்கள். பெயர் வைப்பது எவ்வளவு எளிய வேலை என்று எல்லோருக்கும் தெரிந்திருந்ததால் முதல் எட்டு நாட்கள் வீணாய்ப் போயின.

மேல்வீட்டுக் கொம்பையா ‘கொம்பையா கூடம்’ என்று வைக்கச் சொன்னார். அறுபது வருஷமாக ஊரில் இருக்கிறாராம். மேலே இருக்கிறவர் பெயரை வைப்பதுதான் உலக வழக்கமாம்.

“ஒமக்கு மேலயும் ஒருத்தர் இருக்காருவே,” என்றாள் சங்கரவடிவு.

“அவர் மேல இருக்கார், சரி. ஆனா எளிமையானவர். பேரை விரும்பமாட்டார்.”

பீர்முகம்மது ‘இரட்டைக்கூரை’ என்றான். கீழ்வீட்டு ரெஜினா டீச்சர் எகிறிவிட்டார். “உங்க தரைதான் எனக்குக் கூரை. என் கூரைதான் உங்களுக்குத் தரை. தினமும் என் கூரை மேல நடந்துட்டு, அதுக்குப் பேரு மட்டும் கூரைன்னு வைப்பியளோ? ‘இரட்டைத்தரை’ன்னு வைங்க.” இதிலேயே இரண்டு நாள் போயிற்று. நான்காம் நாள் யாரோ ‘திருகுமனை’ என்றார்கள். திருகுவலி மாதிரி இருக்கிறது என்று நிராகரித்தார்கள். ஆறாம் நாள் விவாதம் அவள் வைத்த ரசத்தைப் பற்றி மட்டுமே நடந்தது.

ஒன்பதாம் நாள் காலையே வானத்தில் உருக்கிகள் வந்து காத்து நின்றன. அவை நின்ற வரிசையைப் பார்த்தால் கூழாங்கல்லைச் சுற்றி ஒரு ஒட்டியாணம் போட்ட மாதிரி இருந்தது. சங்கரவடிவு வேலைக்குப் போகவில்லை. எட்டுப் பேரையும் உட்காரவைத்து, நடுவில் பலகையை வைத்தாள்.

“இன்னைக்கு கை வைக்காம யாரும் எந்திரிக்கப்படாது. சோறு இங்க, தூக்கம் இங்க. கூரைன்னா அவுகளுக்கு ஆகல, தரைன்னா இவுகளுக்கு ஆகல. சரி, மேல கீழ பாக்காம, ஒம்பது வீட்லயும் ஒண்ணுபோல இருக்கது என்னன்னு மட்டும் சொல்லுங்க.”

எட்டுப் பேரும் வீட்டைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார்கள். அந்த நேரம் பார்த்து, எங்கோ தூரத்து வீட்டுக்காரர் ஒருவர் ஒரு வாசல் வழியாக வந்து, “உக்காருங்க, உக்காருங்க” என்று சொல்லியபடியே, அவர்களுக்கு நடுவில் மிதந்து, இன்னொரு வாசல் வழியாகப் போய்விட்டார். போகிற போக்கில் ஒரு வடையையும் எடுத்துக்கொண்டார்.

ரெஜினா டீச்சர்தான் முதலில் சிரித்தார். “வாசல்,” என்றார்.

“எட்டு வாசல்,” என்றான் பீர்முகம்மது.

கொம்பையா உதட்டைப் பிதுக்கினார். “என் பேரு இல்லங்கிறது ஒண்ணுதான் குறை,” என்றபடி முதல் கையை அவரே வைத்தார்.

பதிவன் நேரில் வந்து வாசல்களை எண்ணியது. எட்டு. மறுபடி எண்ணியது. அப்போதும் எட்டே இருந்ததால் ஐந்து கைகளாலும் முத்திரை குத்தியது. உருக்கிகள் திரும்பிப் போயின. அன்று ஊர் முழுக்கப் பாயசம். சங்கரவடிவு முப்பத்தொரு வீட்டிலும் குடித்து, மறுநாள் முழுக்கப் படுத்துக் கிடந்தாள்.

அவள் எழுந்தபோது பட்டா வந்திருந்தது. பட்டாவைக் கையில் வாங்கியவர்கள் எல்லோருக்கும், எண்பது வருஷமாகத் தோன்றாத ஒரு எண்ணம் ஒரே நேரத்தில் தோன்றியது: இது என் வீடு.

முதலில் கொம்பையா ஒரு கதவை அச்சிட்டுப் பொருத்தினார். “சும்மா, அழகுக்கு” என்றார். மறுவாரம் அழகு எட்டாயிற்று. பிறகு தாழ்ப்பாள். பிறகு ‘முன் அனுமதியின்றி உள்ளே வரக் கூடாது’ என்ற பலகை. ஒரு மாதத்தில் ஊரின் அச்சுப்பொறிகளெல்லாம் ராப்பகலாகக் கதவு போட்டன. கடந்து போகிறவர்கள் மணியடித்து, பெயர் சொல்லி, காரணம் சொல்லி, அந்த வீட்டுக்காரர் அனுப்பும் ஓ.டி.பி.யை அழுத்த வேண்டும் என்று ஆயிற்று. சங்கரவடிவு வேலைக்குப் போக முப்பத்தொரு ஓ.டி.பி.; திரும்பிவர முப்பத்தொன்று. இருபதாவது வீட்டில் நிற்கும்போது ஐந்தாவது வீட்டின் எண் வந்து சேரும். முன்பு எட்டு மணிக்கே போய்ச் சேர்ந்தவள் இப்போது பதினொன்றரைக்குப் பட்டறையை எட்டிப் பிடித்தாள்.

அதைக்கூடப் பொறுத்துக்கொண்டாள். ஒரு மத்தியானம் தட்டில் சோற்றைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். கூட்டு வைக்கவில்லை. சாப்பிட்டு முடிக்கும்வரை, கூட்டு எங்கே என்று கேட்க ஒருவரும் வரவில்லை.

மறுநாள் பதிவன் வந்தது. அவள் வீட்டை எண்ணியது. அங்கே மட்டும் எட்டு வாசல். அக்கம்பக்கத்து வீடுகளை எண்ணியது. பூட்டிய கதவுகள்தான் இருந்தன.

“அம்மா, முதல் விதியின்படி பெயர் உண்மையாக இல்லை. பத்து நாட்களுக்குள் வீடு மாற வேண்டும், அல்லது பெயர் மாற வேண்டும். இல்லையென்றால் உருக்கிகள்.”

ஒன்பது பேரும் மறுபடி அவள் வீட்டில் கூடினார்கள். “கதவைக் கழட்டிட்டா பேரு உண்மையாயிரும்லா?” என்றாள் சங்கரவடிவு.

பட்டா வீட்டில் கதவைக் கழற்றுவதா! ரெஜினா டீச்சர் மெல்ல விளக்கினார்: “அதுக்கில்ல வடிவு. நாம ஒண்ணுக்குள்ள ஒண்ணுதான். இருந்தாலும் ஒரு இது வேணும்லா?” அந்த ‘இது’ எது என்று அவர் சொல்லவில்லை. மற்ற ஏழு பேருக்கும் அது உடனே புரிந்தது.

“‘எட்டுப்பூட்டு’ன்னு வச்சிருவோம்,” என்றார் கொம்பையா.

முதல் பெயருக்கு ஒன்பது நாள் அடித்துக்கொண்டவர்கள் இதற்கு ஒன்பது நொடிகூட எடுத்துக்கொள்ளவில்லை. எட்டுக் கைகள் பலகையில் விழுந்தன. ஒன்பதாவது கைக்காக எல்லோரும் அவளைப் பார்த்தார்கள்.

சங்கரவடிவு பலகையைப் பார்த்தாள். சுவரோரம் நின்ற பதிவனைப் பார்த்தாள்.

“விவாதம் ஒரு நாள்கூட விடாம நடக்கும்வரை பழைய பேருதான செல்லும்னீரு?”

“ஆம், அம்மா.”

“பலகை தினமும் பதிவகத்துக்குப் போயிட்டு வரணும்லா? யாரு கொண்டு போணும்?”

“முன்மொழிபவர்.”

“வழியில கதவு?”

“பலகையைத் தடுக்கக் கூடாது. ஓ.டி.பி.யும் தடைதான்.”

சங்கரவடிவு முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு சரிவில் சாய்ந்து உட்கார்ந்தாள். “எட்டுப்பூட்டு நல்ல பேருதான் அண்ணாச்சி. ஆனா எனக்கு அதுல ஒரு சின்ன சந்தேகம் இருக்கு. இன்னைக்குத் தலை வேற வலிக்கு. நாளைக்குச் சாயங்காலம் ஆறு மணிக்கு வாங்க, பேசுவோம்.”

இது நடந்து பதினான்கு வருஷமாகிறது. அவளுடைய சின்ன சந்தேகம் இன்னும் தீரவில்லை. முதல் வருஷம், எட்டு என்று எண்ணில் எழுதுவதா எழுத்தில் எழுதுவதா என்று பேசினார்கள். அடுத்த மூன்று வருஷம், பூட்டு என்றால் தாழ்ப்பாளும் சேர்த்தியா என்பதில் கழிந்தது. வராமல் இருக்க யாருக்கும் தைரியமில்லை. ஒரு நாள் விட்டால் உருக்கிகள் வந்துவிடும். காலையில் அவள் பலகையை இடுப்பில் வைத்துக்கொண்டு கிளம்பினால் முப்பத்தொரு வீட்டுக் கதவும் திறந்தாக வேண்டும். சாயங்காலம் திரும்பும்போதும் அப்படியே. தினம் இரண்டு வேளை திறந்து மூடி அலுத்து, கீல்கள் தேய்ந்து, பாதிக் கதவுகள் திறந்தபடியே நின்றுவிட்டன. திறந்த கதவு வழியாக அவள் போகும்போது சும்மா அனுப்ப யாருக்கும் மனம் வருவதில்லை. உப்புப் பார்க்கச் சொல்கிறார்கள். விவாதம் கேட்க ஊரின் மறுகோடியிலிருந்து ஆட்கள் வடையோடு வருகிறார்கள். புதிதாகக் குடிவந்தவர்கள் இதைத் திருவிழா என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

போன மாதம் கோள்மன்றம் ஒரு அறிஞர் குழுவை அனுப்பியது. சூரியக் குடும்பத்திலேயே அக்கம்பக்கத்தார் மிக நெருக்கமாக வாழும் ஊராக இதைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். இந்த ஒற்றுமைக்குக் காரணம் என்ன என்று பதிவனைக் கேட்டார்கள். பதிவன் தன் கோப்புகளைப் புரட்டியது. கூழாங்கல்லின் எல்லாக் காரியங்களுக்கும் எதிரே ‘முடிந்தது’ என்றிருந்தது. ஒன்றே ஒன்றைத் தவிர.

“நிலுவை,” என்றது பதிவன்.

அறிஞர்கள் அதைக் குறித்துக்கொண்டு, ஆராய ஒரு துணைக்குழு அமைத்து, அதன் முதல் கூட்டத்தை ஒத்திவைத்தார்கள்.

அன்று சாயங்காலம் ஆறு மணிக்குக் கொம்பையா தன் அடிவாசல் வழியாக மெல்ல இறங்கி வந்தார். வயது எழுபத்தெட்டாகிறது. கையில் மூடிவைத்த கூட்டுக்கிண்ணம்.

“வடிவு, இன்னைக்காவது முடிச்சிருவமா?”

“முடிச்சிரலாம் அண்ணாச்சி,” என்றாள் சங்கரவடிவு. “மொதல்ல உக்காருங்க.”