ஊர் கட்டிய நாள்

கிட்டே வந்து உட்காருங்கள், கண்ணுகளா. சின்னதை மடியில் வைத்துக்கொள்ளுங்கள். சத்தியவேடு பக்கத்தில் நடந்ததாக ஒரு கதை சொல்கிறேன்.

அன்று அந்த ஊரில் ஒரு வீட்டிலும் அடுப்புப் புகை எழவில்லை. மாடுகள் அடுத்தடுத்துச் செத்ததால், அவற்றைக் கொன்ற கெட்டது உள்ளே வராதபடி ஊரைக் கட்டியிருந்தார்கள். எல்லையில் வேப்பிலைத் தோரணம். விளக்கு வைக்கும்வரை யாரும் உள்ளே வரக்கூடாது. யார் கூப்பிட்டாலும் கதவைத் திறக்கக்கூடாது. மருமகள் கோதையின் செல்போனை மாமியார் செங்கம்மா அணைத்து, அரிசிப் பானைக்குள் புதைத்துவிட்டாள்.

சாத்திய வீட்டுக்குள் புளித்த கஞ்சியும் அரைத்த மஞ்சளும் வியர்வையும் ஒன்றாய் நாற, ஓட்டு இடுக்கில் விழுந்த வெயில் தரையில் மெல்ல நகர்வதைப் பார்த்தபடி கோதை கணவனையே நினைத்துக்கொண்டிருந்தாள். ஸ்ரீசிட்டி தொழிற்சாலையில் வேலை முடிந்து வரும் தனசேகர், பொழுது சாயும்வரை எல்லைக்கு வெளியே மாந்தோப்பில் படுத்திருப்பதாகச் சொல்லியிருந்தான்.

கதவு தட்டப்பட்டது. தனசேகரின் குரல்.

"கோதே, தொற. தோப்புல நாகம் கடிச்சிட்ச்சு. ஆஸ்பத்திரிக்குப் போவணும்."

அவள் தாழ்ப்பாளில் கை வைத்தாள். செங்கம்மா அந்தக் கையைப் பிடித்தாள்.

"ரிஜிஸ்டர் ஆபீஸ்ல காட்டின தைரியத்த இங்க காட்டாதடி. ஊர கட்டினா, அது நமக்குப் பிரியமானவங்க கொரல்லதான் வரும்."

"புத்தூர் பஸ்ஸுல உன் அறுந்த செருப்ப தூக்கிக்கினு வந்தேனே, கோதே..."

"பாத்தியா? எல்லாம் தெரிஞ்சிக்கினு வந்துகீது."

கோதை கையை உதறினாள். தாழ்ப்பாள் பாதி நகர்ந்தது. அப்போதுதான் குரல் மாறியது. சொற்கள் குழறின. தடித்த நாக்கு புரளும் சத்தம். "கோ... ழே..." அவன் குரலே இல்லை. விஷம் நாக்கைக் கட்டும் என்று அவளுக்குத் தெரியும். பயம் முந்திக்கொண்டது. தாழ்ப்பாளை அவளே திரும்பத் தள்ளினாள்.

நகம் கதவைச் சுரண்டியது. நின்றது. மறுபடியும். நின்றது.

விளக்கு வைத்ததும் திறந்தார்கள்.

வாசலில் தனசேகர் கிடந்தான். இமைகள் பாதி தொங்கின. உதடு அசையவில்லை. மார்பு மட்டும் மெல்ல ஏறி இறங்கியது.

"மூச்சு இருக்குது அத்தே!"

"என் புள்ள தோப்புல படுத்துகினு கீறான். இது அவன் ஒடம்ப போட்டுக்கினு வந்துகீது. மறுபடியும் பேசவுடாத."

செங்கம்மா அவன் வாயைப் பிளந்து வேப்பிலையைத் திணித்தாள். வேப்பிலைக் கூடையைப் பிடித்திருந்தது கோதை.

அவன் கடைக்கண்ணிலிருந்து நீர் வழிந்தது.

எதிர்வீட்டு மஞ்சு குனிந்து பார்த்தாள். "எப்டி அழுவுது பாரு."

செங்கம்மா இன்னொரு கொத்து எடுத்தாள்.

போய்ப் படுங்கள், கண்ணுகளா. உங்கள் வீட்டில் நெல்லும் சிரிப்பும் நிறையட்டும். வெளியே போன பிள்ளை வாசலில் நின்று கூப்பிட்டால், உங்கள் கதவு உடனே திறக்கட்டும்.